மேகங்களைப் படம்பிடித்தவர்

கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் நீலவானம் பெரும்பாலும் வெளிறிய சாம்பல் நிறமாகப் பதியும். வெண்மேகங்கள் அதில் கரைந்துபோகும். ஒளிவில்லையின் முன் சிவப்பு வடிகட்டியைப் பொருத்தினால் நீல ஒளி தடுக்கப்படும். வானம் இருளும், மேகங்கள் திரண்டு எழுந்து நிற்கும். இந்த எளிய அறிவியலைக் கலையாக்கி, தம் நாட்டின் நிலத்தையும் மக்களையும் உலகத் திரைக்குக் கொண்டுசென்றவர் மெக்சிகோ நாட்டு ஒளிப்பதிவாளர் காப்ரியேல் ஃபிகரோவா.

1907 ஏப்ரல் 24இல் மெக்சிகோ நகரில் பிறந்த அவர், உறவினரிடம் வளர்ந்தார். ஓவியமும் வயலினும் பயின்றார். குடும்பச் செல்வம் கரைந்ததால் படிப்பைவிட்டு நிழற்படக் கூடத்தில் வேலைக்குச் சேர்ந்தார். 1932இல் திரைத்துறைக்குள் நுழைந்தபோதும் அவர் அசையாப் படங்கள் எடுப்பவராகவே இருந்தார். 1935இல் உதவித்தொகை பெற்று ஹாலிவுட் சென்றார். பின்னாளில் ‘சிட்டிசன் கேன்’ படத்தால் பெரும்புகழ் பெற்ற கிரெக் டோலண்டிடம் ஒளியின் நுட்பங்களைக் கற்றார். மறு ஆண்டே ‘பெரும்பண்ணை அங்கே’ என்னும் பொருள்படும் தலைப்புடைய படத்திற்கு ஒளிப்பதிவு செய்தார். அதற்கு வெனிஸ் திரைப்பட விழாவில் விருது கிடைத்தது.

அக்காலத்தில் மெக்சிகோவின் பொதுக் கட்டடச் சுவர்களில் தியேகோ ரிவேரா, ஒரோஸ்கோ, சிக்கேரோஸ் ஆகியோர் உழவர்களையும் புரட்சியையும் பேருருவாகத் தீட்டிவந்தனர். ஃபிகரோவா அவர்களுக்கு நண்பர். அவர்கள் சுவரில் செய்ததை அவர் திரையில் செய்ய விழைந்தார். இயக்குநர் எமிலியோ ஃபெர்னாண்டஸுடன் இணைந்து இருபதுக்கும் மேற்பட்ட படங்களை உருவாக்கினார். சோச்சிமில்கோ நீர்வழிகளில் வாழும் பழங்குடிப் பெண்ணொருத்தியின் துயரைச் சொன்ன ‘மரியா காண்டெலாரியா’, 1946இல் கான் திரைப்பட விழாவில் உயர் பரிசுகளுள் ஒன்றைப் பெற்றது.

ஆயினும் ஒரு வினா எழாமலில்லை. ஏழையின் குடிசை இத்தனை அழகாகத் தெரிந்தால், அவனது பசி நம் கண்ணுக்குத் தெரியுமா?

இவ்வினாவைச் செயலால் எழுப்பியவர் ஸ்பெயினில் பிறந்த இயக்குநர் லூயிஸ் புனுவெல். நகரச் சேரிச் சிறுவர்களைப் பற்றிய ‘மறக்கப்பட்டவர்கள்’ (1950) படத்தில் அவர் அலங்காரத்தை விரும்பவில்லை. ஃபிகரோவாவின் ஒளி கடுமையானது. மேகங்கள் விடைபெற்றன. பின்னர் ‘நசரின்’ படப்பிடிப்பில், போப்போகாட்டெப்பெட்டில் எரிமலையும் வெண்மேகங்களும் அமைந்த குறையற்ற காட்சியை ஃபிகரோவா ஆயத்தப்படுத்தினார். புனுவெல் கேமராவைத் திருப்பி, எதிரேயிருந்த சாதாரண நிலத்தைப் படமாக்கச் செய்தார். இதனைப் புனுவெலே தம் நினைவுநூலில் குறித்துள்ளார்.

இதனை ஃபிகரோவாவின் தோல்வி என்பாருமுண்டு. அவ்வாறு கொள்ளுதல் பொருந்தாது. ஐம்பது வயதைக் கடந்து, உலகமே போற்றிய தம் பாணியைக் கதைக்காக ஒதுக்கிவைக்க அவர் இசைந்தார். புனுவெலுடன் மொத்தம் ஏழு படங்களில் பணியாற்றினார். அதே ஆண்டுகளில் வந்த ‘மக்காரியோ’வில், குகையெங்கும் எரியும் மெழுகுவர்த்திகளின் நடுவே ஏழை விறகுவெட்டியை நிறுத்தித் தம் பழைய அழகையும் மீட்டெடுத்தார். ஒவ்வொரு மெழுகுவர்த்தியும் ஒரு மனித உயிர் என்பது அக்கதை. அங்கே அழகு தேவைப்பட்டது.

ஜான் ஹியூஸ்டன் இயக்கிய ‘இகுவானாவின் இரவு’ படத்திற்காக ஆஸ்கர் பரிந்துரையும், 1971இல் மெக்சிகோவின் தேசியக் கலை விருதும் அவரைத் தேடிவந்தன. ஏறத்தாழ இருநூறு படங்களுக்கு ஒளிப்பதிவு செய்த ஃபிகரோவா, 1997 ஏப்ரல் 27இல், தொண்ணூறு வயது நிறைந்த மூன்றாம் நாள், மெக்சிகோ நகரில் காலமானார்.