மேடை கேளாத கலைஞன் சப்தர் ஹாஷ்மி

நாடகத்திற்கு மேடையும் திரையும் மின்விளக்கும் இன்றியமையாதவை என்று எண்ணுவோர் சப்தர் ஹாஷ்மியின் வாழ்க்கையை அறிந்திருத்தல் நன்று. அது 34 வயதில் முடிந்துபோன வாழ்க்கை.

1954 ஏப்ரல் 12 இல் டில்லியில் பிறந்த சப்தர், அங்குள்ள பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியத்தில் முதுமாணிப் பட்டம் பெற்றவர். விரிவுரையாளராகவும் மேற்கு வங்க அரசின் டில்லித் தகவல் அலுவலராகவும் பணியாற்றினார். பின்னர் நாடகத்திற்காகவே பதவியைத் துறந்தார். 1973 இல் நண்பர்களுடன் சேர்ந்து அவர் தொடங்கிய ஜன நாட்டிய மஞ்ச், 1975 இல் அவசரகால நிலை பிரகடனமானதும் வாய்மூட நேர்ந்தது. பிரித்தானியர் 1876 இல் இயற்றிய நாடகத் தடைச் சட்டமும் அப்போது நடைமுறையில் இருந்தது. அது 2018 இல்தான் நீக்கப்பட்டது. நாடகப் பிரதியைக் கொழும்புக்கு அனுப்பி அனுமதிக்குக் காத்திருந்த அனுபவம் எமது நாடகக்காரர்களுக்கும் புதிதன்று.

அவசரகாலம் நீங்கியபோது குழுவிடம் பணமில்லை, தொழிற்சங்கங்களிடமும் இல்லை. காசியாபாத் தொழிற்சாலையொன்றில் சைக்கிள் நிறுத்த ஓர் இடமும் தேநீர் அருந்த ஒரு சிற்றுண்டிச்சாலையும் கேட்ட தொழிலாளர்கள் சுட்டுக் கொல்லப்பட்டிருந்தனர். அதிலிருந்து 1978 இல் பிறந்ததே 'மெஷின்'. நடிகர்கள் தம் உடல்களையே இயந்திரமாக்கி இயங்கிய இந்நாடகம் 13 நிமிடங்களில் முடிந்துவிடும். மேடை, ஒப்பனை, நுழைவுச்சீட்டு எதுவும் தேவையில்லை. கல்முனைச் சந்தை முன்றலிலோ மருதமுனைத் தறிக்கொட்டிலருகிலோ கூட அதை ஆடியிருக்கலாம். அதன் பின்னர் பஸ் கட்டண உயர்வு, பெண்களின் நிலை என நாடகங்கள் தொடர்ந்தன.

ஒன்றை மறைத்தல் முறையன்று. சப்தர் மார்க்சிஸ்ட் கட்சி உறுப்பினர். 'மெஷின்' அரங்கேறிய அதே 1978 இல், கம்யூனிஸ்ட் ஆட்சியிலிருந்த பிராக் நகரில், மேடையிலிருந்து விலக்கப்பட்ட நடிகை விளாஸ்தா கிராமோஸ்தோவா தமது வீட்டு வரவேற்பறையில் ஷேக்ஸ்பியரின் 'மக்பெத்'தை நடித்துக்கொண்டிருந்தார்; வெளியே பொலிஸார் காவல் நின்றனர். அங்கே வீட்டிற்குள் ஒளிந்த நாடகம், இங்கே தெருவிற்கு இறங்கியது. அதிகாரத்தின் நிறம் எதுவாயினும் நடிகனைக் கண்டு அது அஞ்சுகின்றது என்றே நாம் கருதுகிறோம்.

1989 ஜனவரி 1. டில்லியை அடுத்த சாஹிபாபாத், ஜண்டாபூர் கிராமத்தில் 'ஹல்லா போல்' நாடகம் நடந்துகொண்டிருந்தது. உள்ளூராட்சித் தேர்தல் காலம் அது. வேட்பாளர் ஒருவரின் கோஷ்டி ஆயுதங்களுடன் வந்து நடிகர்களையும் பார்வையாளரையும் தாக்கியது. ராம் பகதூர் என்ற தொழிலாளி சுட்டுக் கொல்லப்பட்டார். தொழிற்சங்க அலுவலகத்தில் தஞ்சமடைந்த தோழர்கள் தப்பியோடுவதற்காகக் கதவை அடைத்து நின்ற சப்தர், இரும்புத் தடிகளால் தலையில் தாக்கப்பட்டு மறுநாள் இரவு உயிர்நீத்தார். இறுதி ஊர்வலத்தில் பல்லாயிரவர் திரண்டனர். பின்னாளில் அவரது தாயார் கமர் ஆசாத் ஹாஷ்மி மகனின் வாழ்க்கையை நூலாக எழுதினார்.

குற்றவாளிகளுக்கு ஆயுள் தண்டனை விதிக்க நீதிமன்றத்திற்கு 2003 வரை 14 ஆண்டுகள் தேவைப்பட்டன. சப்தரின் மனைவி மொலோயஸ்ரீ அவ்வளவு காலம் காத்திருக்கவில்லை. ஜனவரி 4 ஆம் திகதி, கணவர் மறைந்து இரண்டே நாட்களில், குழுவினருடன் அதே ஜண்டாபூருக்குச் சென்று, பாதியில் நின்ற அந்நாடகத்தை ஆயிரக்கணக்கானோர் முன்னிலையில் நடித்து முடித்தார்.