கதவடைத்தனர், கணக்கில் சேர்த்தனர்!

மூக்கண்டப்பள்ளியில் வாடகைக்கு அறை தேடி வரும் இளைஞனிடம் முதலில் கேட்கப்படுவது, எந்த ஊர் என்பது. அடுத்தது, எந்தத் தொழிற்சாலை என்பது. மூன்றாவது கேள்வி நேராக வருவதில்லை. குலதெய்வத்தைச் சுற்றி, சொந்தக்காரர் பெயரைச் சுற்றி வளைந்து வருகிறது. சிப்காட் தோன்றி அரை நூற்றாண்டு ஆகிறது. தருமபுரிக்காரரும் திருவண்ணாமலைக்காரரும், தெலுங்கரும் கன்னடரும் ஒரே எந்திரத்தின் முன் தோளோடு தோள் நிற்கின்றனர். வேலை நேரம் முடிந்து வாயிலைத் தாண்டியதும் அந்த மூன்றாவது கேள்வி காத்திருக்கிறது!

இந்த எல்லைப்புறத்திற்கு இது புதிதன்று. ஓசூருக்கு வடகிழக்கே, கன்னட நாட்டிற்குள் இருக்கிறது கோலார் தங்கவயல். 1880-களிலிருந்து வட ஆர்க்காட்டிலிருந்தும் சேலம் மாவட்டத்திலிருந்தும் உழைப்பாளர் அங்கே கூட்டங்கூட்டமாகச் சென்றனர். ஓசூரும் கிருட்டிணகிரியும் அந்நாளில் சேலம் மாவட்டத்தில் அடங்கியவை. சென்றோரில் மிகப் பலர் சேரிகளிலிருந்து புறப்பட்டவர்கள். பாதாளத்தில் இறங்கிப் பிறருக்குப் பொன் எடுத்துக் கொடுத்த அவர்கள், மேலே வந்து தமக்கென்று கையில் எடுத்த ஏடு ஒன்று உண்டு. விலை ஒரு பைசா. பெயரும் அதுவே: ஒரு பைசாத் தமிழன். சென்னை இராயப்பேட்டையிலிருந்து அதை நடத்தியவர் அயோத்திதாசப் பண்டிதர்.

1845-ஆம் ஆண்டு மே 20-ஆம் நாள் பிறந்தவர் அவர். பெற்றோர் இட்ட பெயர் காத்தவராயன். கல்வி தந்த ஆசானின் பெயரைத் தன் பெயராக ஏற்றுக்கொண்டார். பாட்டனார் கந்தப்பன், ஆரிங்டன் என்ற வெள்ளையரிடம் சமையற் பணியாளராக இருந்தவர். அவர் வீட்டில் பாதுகாத்து வைத்திருந்த திருக்குறள் ஏட்டுச் சுவடி ஆரிங்டன் வழியாக எல்லீசு துரையின் கைக்குப் போய்ச் சேர்ந்தது என்பது பண்டிதரே எழுதி வைத்த செய்தி. அடுப்படியில் நின்றவர் வீட்டில் வள்ளுவர் இருந்தார்! படிப்பு இவர்களுக்கு எதற்கு என்று கேட்டவர்களுக்கு இதைவிட வேறு மறுமொழி வேண்டுமா?

நீலகிரியில் வளர்ந்தார், சித்த மருத்துவம் கற்றார். தமிழோடு வடமொழி, பாலி, ஆங்கிலம் அறிந்தார். தொடக்கத்தில் அவர் பௌத்தர் அல்லர். 1870-இல் நீலகிரியில் அவர் அமைத்தது அத்வைதானந்த சபை. எல்லா உயிரும் ஒன்றே என்று சொல்லும் தத்துவம், சொல்பவன் வீட்டுத் திண்ணை வரையிலாவது நம்மை விடும் என்று நம்பியிருப்பார் போலும். 1885-இல் ஜான் ரத்தினம் என்ற பாதிரியாருடன் சேர்ந்து திராவிட பாண்டியன் என்ற ஏட்டை நடத்தினார். 1891 டிசம்பர் முதல் நாள் நீலகிரியில் திராவிட மகாஜன சபையின் மாநாடு கூடிற்று. கல்வி, வேலை, பொதுக் கிணறு என்று உரிமைகளைத் தீர்மானங்களாக வடித்தது அம்மாநாடு.

திருப்பம் நேர்ந்தது 1892-இல். சென்னையில் மகாஜன சபைக் கூட்டம். நாட்டின் பெரிய மனிதரெல்லாம் அமர்ந்திருந்த அவையில் நீலகிரிப் பிரதிநிதியாகப் பண்டிதர் எழுந்தார். சைவ வைணவ ஆலயங்களில் தம் மக்களையும் அனுமதிக்க வேண்டும் என்று கேட்டார். தஞ்சைப் பிரதிநிதி சிவராம சாஸ்திரி சினந்தெழுந்தார். உங்களுக்கு மதுரைவீரனும் காட்டேரியும் கருப்பண்ணனும் இருக்கிறார்கள். சிவனும் விஷ்ணுவும் உங்களுக்குரிய தெய்வங்கள் அல்லர் என்றார்.

பண்டிதர் கெஞ்சவில்லை. அப்படியானால் உங்கள் சாமிகள் எங்களுக்கு வேண்டாம். எங்கள் பிள்ளைகளுக்கு நான்காம் வகுப்பு வரை சம்பளமில்லாத படிப்பும், ஊர்தோறும் கிடக்கும் தரிசு நிலமும் கிடைக்கச் செய்யுங்கள் என்று கேட்டார். மறுக்க வாய் எழவில்லை, அவை ஒப்புக்கொண்டது. கோயிற் கதவு மூடிய அதே இடத்தில் நின்று பள்ளிக்கூடத்தையும் நிலத்தையும் கேட்டாரே, அந்த நிதானத்தை எண்ணி நாம் வியக்கிறோம். செங்கற்பட்டு ஆட்சித் தலைவர் திரமென்கீர் சேரி மக்களின் நிலை குறித்துத் தந்த அறிக்கையின்மேல், பஞ்சமி நில ஆணை பிறந்ததும் அதே ஆண்டு செப்டம்பரில்தான்.

1898-இல் கர்னல் ஆல்காட்டின் துணையோடு பண்டிதரும் நண்பர்களும் இலங்கை சென்றனர். சுமங்கல மகாநாயகரிடம் பஞ்சசீலம் பெற்றுத் திரும்பினர். இராயப்பேட்டையில் சாக்கிய பௌத்த சங்கம் எழுந்தது. நம் பகுத்தறிவுத் தோழர் சிலர் இந்த இடத்தில் முகம் சுளிப்பதுண்டு. ஒரு மதத்தை விட்டவர் இன்னொன்றில் புகுவானேன் என்பர். கேள்வி தவறன்று. ஆனால் அவர் எடுத்துக்கொண்ட பௌத்தத்தில் படைத்த கடவுள் இல்லை. இடையில் நின்று தட்சிணை வாங்கும் தரகர் இல்லை. பிறவியால் உயர்வு தாழ்வு இல்லை. நீங்கள் இழிந்தவராகப் பிறந்தவர் அல்லர், பௌத்தராக வாழ்ந்ததற்காக இழிவாக்கப்பட்டவர் என்று அவர் மக்களிடம் சொன்னார். கூனிய முதுகை நிமிர்த்தும் மருந்து அது. வைத்தியர் அல்லவா!

1907 சூன் 19-இல் ஒரு பைசாத் தமிழன் வந்தது. ஓராண்டு கழித்துத் தமிழன் என்று பெயர் சுருங்கிற்று. அவர் மறையும் வரை நிற்கவில்லை. சுதேசியம் முழங்கிய தலைவர்களை நோக்கி, அந்தச் சுதேசத்தில் சேரிக்கு இடம் எங்கே என்று வாரந்தோறும் கேட்டது. தங்கவயல் மாரிக்குப்பத்திலும் சங்கத்தின் கிளை எழுந்தது. சுரங்கத் தொழிலாளர் தம் கூலியில் ஒரு பங்கை ஏட்டுக்குத் தந்தனர். திருமணத்தையும் இறுதிச் சடங்கையும் பஞ்சசீலம் சொல்லித் தாமே நடத்தினர்.

குறையும் சொல்வோம். அவர் செய்த சொல்லாராய்ச்சி பல இடங்களில் இழுத்துப் பிடித்தது. இந்திரர் தேச சரித்திரம் முழுவதையும் வரலாறு என்று ஏற்க இயலாது. வெள்ளையர் ஆட்சிமேல் அளவுக்கு மீறிய நம்பிக்கை வைத்தார். தம் மக்களினும் கீழே தள்ளப்பட்டிருந்த சிலரை அவரும் தள்ளியே வைத்து எழுதிய வரிகள் உண்டு. அதை மறைப்பது அவருக்குப் பெருமை சேர்க்காது.

அவர் போரின் கூர்முனை குடிக்கணக்கில் இருந்தது. 1880-களிலேயே எங்களை இந்துக்கள் என்று பதியாதீர், பூர்வத் தமிழர் என்று எழுதுங்கள் என்றார். 1909-இல் மிண்டோ-மார்லி சீர்திருத்தம் வந்தது. தலைக்கணக்கு அதிகாரக் கணக்காயிற்று. 1910-இல் குடிக்கணக்கு ஆணையர் கெயிட் ஒரு சுற்றறிக்கை விடுத்தார். கோயிலுக்குள் விடப்படாதவர் யார், பார்ப்பனப் புரோகிதர் வராத வீடு எது என்று விசாரிக்கச் சொன்னார். உடனே எழுந்தது கூக்குரல்! கதவடைத்த அதே பெரியவர்கள், இவர்களைப் பிரித்தால் எங்கள் எண்ணிக்கை குறையுமே என்று பதறினர். உள்ளே வராதே, ஆனால் எங்கள் கணக்கில் இரு என்ற இந்த நியாயத்தைப் பண்டிதர் தமிழனில் கிழித்தெறிந்தார். 1911 கணக்கில் பௌத்தர் என்றே பதியச் சொன்னார்.

1914 மே 5-இல் அவர் மறைந்தார். பிற்காலத்தில் தங்கவயலிலிருந்தே தமிழனை அப்பாதுரையார் நடத்தினார். 1956 அக்டோபர் 14-இல் நாகபுரியில் அம்பேத்கர் பல இலட்சம் மக்களோடு பௌத்தம் ஏற்றார். அப்படி ஏற்றவர்களுக்கு நேர்ந்தது என்ன? மதப் பத்தியில் பௌத்தர் என்று எழுதியதால் பட்டியல் சாதியாருக்குரிய மைய அரசின் சலுகைகளை இழந்தனர். தீண்டாமை மட்டும் அவர்களை விட்டுப் போகவில்லை. சட்டம் திருத்தப்பட்டது 1990-இல். அதற்குள் முப்பத்து நான்கு ஆண்டுகள், ஒரு தலைமுறையின் படிப்பும் வேலையும் போயின.

தங்கவயல் சுரங்கம் 2001-இல் மூடப்பட்டது. 2027-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கில் சாதியும் எண்ணப்படும் என்று ஒன்றிய அரசு 2025-இல் அறிவித்தது. மூக்கண்டப்பள்ளியின் ஒற்றை அறைகளுக்கும் கணக்கெடுப்பாளர் வர வேண்டும். வாடகைக்காரன் மழுப்பிக் கடந்த அந்த மூன்றாவது கேள்வியை அவர் நேராகவே கேட்பார்.