உள்நாட்டுக் கணிப்பொறி கண்ட நரசிம்மன்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., இயற்பியல்)

முன்னுரை

கப்பலில் வந்திறங்கும் பொருளை வாங்கிப் பயன்படுத்துவது ஒன்று. அதைப் பிரித்துப் பார்த்து நாமே செய்யக் கற்றுக்கொள்வது வேறொன்று. இந்த வேற்றுமையை வடசென்னை நன்கறியும். 1948-இல் தோன்றிய அசோக் மோட்டார்ஸ் நிறுவனம், இங்கிலாந்து நாட்டு ஆஸ்டின் கார்களின் பாகங்களை எண்ணூரில் பூட்டித்தான் தொழிலைத் தொடங்கியது. 1950-களில் திருவொற்றியூர் என்ஃபீல்டு ஆலையும் அவ்வாறே தொடங்கி, நாளடைவில் மோட்டார் சைக்கிள் முழுவதையும் இங்கேயே செய்தது.

அதே காலத்தில் கணிப்பொறித் துறையிலும் இக்கேள்வி எழுந்தது. வாங்குவதா, செய்வதா? செய்வோம் எனத் துணிந்த குழுவிற்குத் தலைமை தாங்கியவர் ஒரு சென்னைத் தமிழர். அவரே பேராசிரியர் ரங்கசாமி நரசிம்மன்.

பிறப்பும் கல்வியும்

நரசிம்மன் 1926-ஆம் ஆண்டு ஏப்ரல் 17-ஆம் நாள் சென்னையில் பிறந்தார். சென்னைப் பல்கலைக்கழகத்தில் தொலைத்தொடர்புப் பொறியியல் பட்டம் பெற்றார். பின்னர் அமெரிக்கா சென்று, கலிஃபோர்னியா தொழில்நுட்பக் கழகத்தில் மின்பொறியியலில் முதுநிலைப் பட்டமும், இந்தியானா பல்கலைக்கழகத்தில் கணிதத்தில் டாக்டர் பட்டமும் பெற்றார். 1954-இல் தாயகம் திரும்பி, ஹோமி பாபா பம்பாயில் நடத்தி வந்த டாட்டா அடிப்படை ஆராய்ச்சிக் கழகத்தில் சேர்ந்தார்.

இரு வழிகள்

அந்நாளில் கல்கத்தாவில் இந்தியப் புள்ளியியல் கழகத்தைப் பேரறிஞர் மகலனோபிஸ் நடத்தி வந்தார். நாட்டின் திட்டங்களுக்கான கணக்குகள் காத்திருக்கவில்லை. எனவே அவர் 1955-இல் இங்கிலாந்திலிருந்தும், 1958-இல் சோவியத் நாட்டிலிருந்தும் கணிப்பொறிகளைத் தருவித்தார். அதுவும் நாட்டுக்குத் தேவையான பணியே.

பம்பாயில் நரசிம்மன் குழுவினர் மற்றொரு வழியை மேற்கொண்டனர். பெரும்பாலோர் இளம் இயற்பியல் பட்டதாரிகள். கணிப்பொறியை வடிவமைத்த முன்அனுபவம் அவர்களுக்கு இல்லை. முதலில் ஒரு சிறு மாதிரிப் பொறியைச் செய்து 1956-இல் இயக்கிப் பார்த்தனர். அதில் பெற்ற துணிவோடு பெரும் பொறியில் இறங்கினர். 1960-இல் அது முறையாகப் பணிக்கு வந்தது. 1962-இல் பிரதமர் நேரு அதற்கு ‘டிஃப்ராக்’ எனப் பெயரிட்டார்.

அதன் உள்ளே சுமார் 2,700 வால்வுகளும், 1,700 ஜெர்மானியம் டயோடுகளும், 12,500 மின்தடைகளும் இருந்தன. நினைவகமோ காந்தத் தன்மையுள்ள ஃபெரைட் வளையங்களால் ஆனது. மிகச் சிறிய ஒவ்வொரு வளையமும், காந்தம் திரும்பியிருக்கும் திசையைக் கொண்டு 0 அல்லது 1 என ஓர் இலக்கத்தை நினைவில் வைக்கும். 40 இலக்கங்கள் கொண்ட 2,048 சொற்களை அதில் இருத்தலாம். இன்றைய அளவில் 10 கிலோபைட்!

குறையும் நிறையும்

டிஃப்ராக் பணிக்கு வந்தபோது உலகம் வால்வை விட்டு டிரான்சிஸ்டருக்கு மாறிக்கொண்டிருந்தது. 1964-இல் அக்கழகமே சி.டி.சி. 3600 என்னும் அமெரிக்கப் பொறியை நிறுவியது. அப்படியானால் இத்தனை ஆண்டு உழைப்பும் வீண்தானா?

என் தந்தையார் லாரிப் பட்டறையில் மெக்கானிக். இயந்திரத்தின் ஓசையைக் கேட்டே கோளாறு இன்னதென்று சொல்லிவிடுவார். பள்ளியில் படித்ததன்று அது. பிரித்துப் பூட்டிப் பெற்ற அறிவு. டிஃப்ராக் நாட்டுக்குத் தந்ததும் அத்தகைய அறிவே. பொறி பழையதாகிப் போயிற்று. அதைச் செய்த கைகளும் மூளைகளும் பழையதாகவில்லை.

பிற பணிகள்

1961 முதல் மூன்றாண்டுகள் இல்லினாய் பல்கலைக்கழகத்தில், உருவங்களைப் பொறி இனங்காணும் முறையை இலக்கண விதிகள்போல் அமைக்க வழிகண்டார். 1965-இல் தோன்றிய இந்தியக் கணிப்பொறிச் சங்கத்தின் முதல் தலைவர் அவரே. 1975-இல் அரசு தொடங்கிய கணிப்பொறிப் பராமரிப்புக் கழகமான சி.எம்.சி.யின் முதல் தலைவரும் அவரே. 1978-இல் ஐ.பி.எம். நிறுவனம் இந்தியாவை விட்டு வெளியேறியபோது, அதன் பொறிகளைப் பராமரிக்கும் பொறுப்பை ஏற்றது இந்தக் கழகந்தான். திறந்து பார்க்கத் தெரிந்தவர்கள் நாட்டில் இருந்ததால் அன்று பணிகள் முடங்கவில்லை. 1977-இல் பத்மஸ்ரீ விருது அவரை அடைந்தது.

வீடு புகுந்த கணிப்பொறி

அதே 1977-இல் அமெரிக்காவில் ஆப்பிள் 2, கமடோர் பெட், டி.ஆர்.எஸ்.-80 ஆகிய மூன்றும் வீட்டுச் சந்தையில் போட்டியிட்டன. அவற்றின் தொடக்க மாதிரிகளில் நினைவகம் 4 கிலோபைட்டே. ஓர் அறையை நிறைத்த டிஃப்ராக்கில் பாதிகூட இல்லை. ஆயினும் மேசைமேல் அமர்ந்தன! இங்கிலாந்தில் சின்க்ளேரும் ஏக்கார்னும் மோதின. ஏக்கார்ன் செய்த பி.பி.சி. மைக்ரோ, ‘கிளாஸ்’ திட்டத்தின் வழியே 1984-85-இல் நம் நாட்டின் 250 பள்ளிகளுக்கு வந்தது. மீண்டும் வாங்கிய பொருள்! நரசிம்மன் எழுப்பிய கேள்வி ஓயவில்லை.

முடிவுரை

பேராசிரியர் நரசிம்மன் 2007 செப்டம்பர் 3-ஆம் நாள் மறைந்தார். மாணவ நண்பர்களே! நம்மில் பலர் குடும்பத்தில் முதன்முதல் கல்லூரி வாயிலை மிதித்தவர்கள். நம் சட்டைப்பையில் இருக்கும் கைப்பேசி, டிஃப்ராக்கைவிடப் பல்லாயிரம் மடங்கு ஆற்றலுடையது. அதைத் தொடத் தெரிந்த நமக்கு, அதன் உள்ளே நிகழ்வது தெரியுமா? ஆய்வுக்கூடத்தில் ஒரு டயோடையும் மின்தடையையும் இணைக்கும்போதேனும் அக்கேள்வியைக் கேட்போம். நரசிம்மன் குழுவினரும் அங்கிருந்துதான் தொடங்கினர்.