கொடுமுடி தந்த குரல்

தமிழ் நாடக மேடையின் வரலாற்றை எழுதுவோர் கே. பி. சுந்தராம்பாளைப் பற்றிப் பேசத் தொடங்கினால், இரண்டாம் தொடரிலேயே எஸ். ஜி. கிட்டப்பாவைக் கொண்டுவந்து விடுவர். அது இயல்பே, அந்தக் காதல் அத்தகையது. ஆயினும் அம்மையார் கிட்டப்பாவோடு வாழ்ந்தவை சில ஆண்டுகளே. அவர் மறைந்த பின் வாழ்ந்தவை நாற்பத்தாறு ஆண்டுகள். இக்கணக்கை மனத்திற்கொண்டே இதனை எழுதுகிறேன்.

காவிரிக்கரைக் கொடுமுடியில் 1908-இல் பிறந்தவர் அவர். தந்தையை இளமையிலேயே இழந்த குடும்பம். தாய் பாலாம்பாள் வறுமையோடு போராடினார். சிறுமி ஓடும் ரயிலில் பாடிக் காசு பெற்றாள். அக்குரலைக் கேட்டு வியந்தவர் ரயில்வே அதிகாரியும் நாடகப் பற்றாளருமான எஃப். ஜி. நடேச அய்யர். அவர் வழியாக வேலு நாயரின் நாடகக் குழுவில் சேர்ந்தாள். நல்லதங்காள் நாடகத்தில் பசியால் அழும் குழந்தையாக அவள் பாடியபோது அவை கலங்கிற்று. அப்பசி அவளுக்கு நடிப்பன்று.

அக்கால மேடையின் இயல்பை இன்றைய கவிஞர்கள் அறிதல் வேண்டும். ஸ்பெஷல் நாடகங்களில் நடிகர்கள் தனித்தனியே அமர்த்தப்படுவர். முன் ஒத்திகை இராது. ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசை வரை கேட்கும்படி பாடியாக வேண்டும். எதிரே நிற்பவர் பாட்டாலும் தர்க்கத்தாலும் மடக்கினால் அந்தக் கணமே பதில் கொடுக்க வேண்டும். ஏறத்தாழ நம் அவதானக் கலையைப் போன்றது அது. இக்களத்தில் ஸ்திரீபார்ட், ராஜபார்ட் இரண்டையும் ஏற்றுச் சுந்தராம்பாள் நின்றார். இலங்கையில் கிட்டப்பாவோடு இணைந்து நடிக்க நேர்ந்தபோது, அப்பெரும் பாடகர் முன் இப்பெண் தாக்குப்பிடிப்பாளா என்று ஐயுற்றோர் இருந்தனர். தாக்குப்பிடித்தது மட்டுமன்று, வள்ளி திருமணம் என்றாலே இவ்விருவர்தாம் என்னும் நிலை உருவாயிற்று.

இருவரும் மணந்தனர். கிட்டப்பாவுக்கு முன்பே மனைவி இருந்தார். பிறந்த குழந்தை தங்கவில்லை. பிணக்கும் பிரிவும் நேர்ந்தன. அம்மையார் அவருக்கு எழுதிய கடிதங்களில் சில பின்னாளில் அச்சேறியுள்ளன. காதலும் தன்மானமும் ஒன்றையொன்று விட்டுக்கொடுக்காத உரைநடை அவை. பெண் எழுத்து பற்றி ஆராயும் நாம் அவற்றை இன்னும் போதிய அளவு படிக்கவில்லை என்பது என் மனக்குறை.

1933 டிசம்பரில் கிட்டப்பா இருபத்தெட்டு வயதும் நிறையாமல் மறைந்தார். அம்மையாருக்கு அப்போது இருபத்தைந்து வயது. வெள்ளைப் புடவை உடுத்தார். இனி ஆடவரோடு இணைசேர்ந்து நடிப்பதில்லை என உறுதி பூண்டார். இதனைக் கைம்மை நோன்பு என்றே பலரும் போற்றினர். எனக்கு வேறொன்றும் தோன்றுகிறது. காதலி வேடமின்றிப் பெண்ணுக்கு இடமே இல்லாத மேடையிலும் திரையிலும், தமக்கான நிபந்தனையைத் தாமே விதித்து அதன்மேல் ஒரு தொழில்வாழ்வைக் கட்டியெழுப்பியவர் அவர்.

1935-இல் வெளிவந்த நந்தனார் படத்தில் நந்தனாராகவே நடித்தார். ஊதியம் ஒரு லட்சம் ரூபாய். அந்நாளில் கேள்விப்படாத தொகை. வேதியராக நடித்தவர் மகாராஜபுரம் விசுவநாத அய்யர். படம் எடுபடவில்லை. நடிகர்களைவிட மரமும் மாடும் நன்றாக நடித்திருப்பதாகக் கல்கி விமரிசனத்தில் கேலி செய்தார். கேலி படத்தைச் சாய்த்தது, குரலைச் சாய்க்கவில்லை.

சத்தியமூர்த்தியின் தூண்டுதலால் காங்கிரசு மேடைகளில் பாடினார். கூட்டம் பாட்டுக்காக வந்து அரசியலையும் கேட்டுச் சென்றது. பின்னர் 1950-களில் சென்னை மாநில மேலவையில் உறுப்பினராகவும் அமர்ந்தார்.

அவர் ஏற்ற பாத்திரங்களை வரிசைப்படுத்தினால் தமிழாசிரியைக்கு ஒரு வியப்பு உண்டாகிறது. 1940-இல் மணிமேகலை. 1953-இல் எஸ். எஸ். வாசன் தயாரிக்கக் கொத்தமங்கலம் சுப்பு இயக்கிய ஔவையார். 1964-இல் பூம்புகாரில் கவுந்தியடிகள். துறவியும் புலவியும் ஆகிய நம் இலக்கியப் பெண்களுக்கு ஒரே உடலும் ஒரே குரலும் வாய்த்தன. முருகபக்தரும் காங்கிரசுக்காரருமான அவர், மு. கருணாநிதி உரையாடல் எழுதிய பூம்புகாரில் சமணத் துறவியாக வந்தது சிறு செய்தியன்று. ஔவைக்கு நரைமுடியும் கோலும் உள்ள முகம் ஒன்று பொதுமக்கள் மனத்தில் நிலைத்ததற்கு அவரே பெருங்காரணம். சங்ககால ஔவையையும் பிற்கால ஔவையையும் வகுப்பில் பிரித்துக் காட்ட நான் படும் பாட்டுக்கும் அவரே ஒரு காரணம்!

1965-இல் திருவிளையாடலிலும் ஔவையாக வந்தார். 1969-இல் வெளிவந்த துணைவன் படத்துக்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது பெற்றார். முந்தைய ஆண்டு அவ்விருதைப் பெற்றவர் பி. சுசீலா. தம் மகளாகக் கூடிய வயதினரோடு அறுபதைத் தாண்டிய ஒருவர், கொட்டகைக் காலக் குரலை மென்மைப்படுத்தாமல் அப்படியே ஒலிவாங்கியின் முன் வைத்து நின்றார். 1970-இல் பத்மஸ்ரீ வந்தது. 1980-இல் காலமானார்.

புதுவைத் தெருக்களில் ஆடி மாதக் கோயில் ஒலிபெருக்கி அவரை இன்றும் விடியலில் எழுப்பிவிடுகிறது. என் மாணவியரிடம் கிட்டப்பாவைத் தெரியுமா என்று கேட்டேன். ஒருத்திக்கும் தெரியவில்லை. அந்த அம்மாவின் குரலையோ, முதல் வரியிலேயே கண்டுகொண்டார்கள்.