ஐந்து முறை நாடுகடத்தப்பட்ட ஆயர்

நான்காம் நூற்றாண்டில் எகிப்தின் அலெக்சாந்திரியா நகரம் வணிகத்திற்கும் தத்துவ விசாரத்திற்கும் பெயர்பெற்று விளங்கியது. அங்கே ஆரியுஸ் என்ற குரு, இறைவன் ஒருவரே தோற்றமற்றவர் என்று போதித்தார். ஆகவே மகனாகிய கிறிஸ்து படைப்புகள் அனைத்திலும் தலைசிறந்தவரே ஆயினும் தந்தைக்கு நிகரானவர் அல்லர் என்பது அவரது முடிவு. இறைவனின் ஒருமையைக் காக்கும் நோக்கம் அதில் இருந்தமையால் பலரும் அதனை ஏற்றனர்.

இக்கருத்தை வாழ்நாள் முழுவதும் எதிர்த்து நின்றவர் அத்தனாசியுஸ். படைக்கப்பட்ட ஒருவர் தாமே இறையருளை நாடி நிற்பவர். அவரால் மற்றொரு படைப்பை இறைவனோடு எவ்வாறு இணைக்க முடியும்? இதுவே அவர் எழுப்பிய கேள்வி. அவரைப் பொறுத்தவரை இது வெறும் சொற்போர் அன்று. மனிதன் இறைநிலையில் பங்குபெறுவது மெய்யா, பொய்யா என்பதே இதில் அடங்கியிருந்தது.

325-ஆம் ஆண்டு பேரரசர் கான்ஸ்டன்டைன் நைசியா நகரில் ஆயர்களின் பேரவையைக் கூட்டினார். தம் ஆயரான அலெக்சாண்டருடன் இளம் திருத்தொண்டராக அத்தனாசியுஸும் அங்கே சென்றிருந்தார். மகன் தந்தையோடு ஒரே பொருளாய் இருப்பவர் என்று பேரவை அறிவித்தது. ஆயினும் அதற்குக் கையாண்ட கிரேக்கச் சொல் வேதநூலில் இல்லாததால் பலருக்கு மனநிறைவு ஏற்படவில்லை. பூசல் மேலும் வளர்ந்தது.

328-இல் அத்தனாசியுஸ் அலெக்சாந்திரியாவின் ஆயரானார். ஆரியுஸை மீண்டும் திருச்சபையில் சேர்க்குமாறு பேரரசர் கேட்டபோது அவர் இணங்கவில்லை. அர்சேனியுஸ் என்ற ஆயரைக் கொன்று, அவரது கையை வெட்டி வைத்திருப்பதாக எதிரிகள் அவர்மீது பழி சுமத்தினர். ஆனால் ஒளித்து வைக்கப்பட்டிருந்த அர்சேனியுஸ் உயிருடன் கண்டுபிடிக்கப்பட்டார். பின்னர், தலைநகருக்குச் செல்லும் எகிப்தின் தானியக் கப்பல்களைத் தடுத்துவிடுவதாக மிரட்டினார் என்ற குற்றச்சாட்டு எழவே, 335-இல் தொலைதூர டிரியர் நகருக்கு அவர் அனுப்பப்பட்டார்.

நான்கு பேரரசர்களின் காலத்தில் ஐந்து முறை அவர் பதவியிழந்து ஊரைவிட்டு அகல நேர்ந்தது. ஆயராக விளங்கிய 45 ஆண்டுகளில் ஏறத்தாழ 17 ஆண்டுகள் இவ்வாறே கழிந்தன. 356-இல் இரவு வழிபாட்டின்போது படைவீரர்கள் கோயிலைச் சூழ்ந்தனர். அங்கிருந்து தப்பிய அவருக்குப் பாலைவனத் துறவிகள் புகலிடம் அளித்தனர். அவர் எழுதிய துறவி அந்தோனியாரின் வரலாறு மேலைநாடுகளிலும் பரவிப் பலரைத் துறவு வாழ்வுக்கு ஈர்த்தது. அகஸ்டினின் மனமாற்றத்திலும் அதற்குப் பங்குண்டு.

எதிரிகளிடம் அவர் கடுமை காட்டியதும் உண்டு. எனினும் 362-இல் அலெக்சாந்திரியாவில் கூடிய பேரவையில் அவரது மற்றொரு பண்பு வெளிப்பட்டது. வெவ்வேறு சொற்களைக் கையாண்டு பிரிந்து நின்றோரிடம் அச்சொற்களுக்கு அவர்கள் கொண்ட பொருள் வினவப்பட்டது. உட்பொருள் ஒன்றே எனக் கண்டதும், சொல்லின் பொருட்டுப் பிரிவினை வேண்டாம் என்று பேரவை முடிவு செய்தது. கொள்கையில் அணுவளவும் விட்டுக்கொடுக்காதவர், சொல்லில் விட்டுக்கொடுக்க அறிந்திருந்தார்.

373-ஆம் ஆண்டு மே மாதம் அவர் தம் நகரிலேயே அமைதியாக உயிர்நீத்தார். எட்டு ஆண்டுகளுக்குப் பின், 381-இல் கான்ஸ்டான்டிநோபிளில் கூடிய பேரவை நைசியாவின் நம்பிக்கையை உறுதிசெய்தது. அந்த வெற்றியைக் காண அவர் இல்லை. காண்போம் என்ற உறுதி இல்லாமலேயே 45 ஆண்டுகள் அதற்காக உழைத்ததுதான் அவரது தவம்.