ஹோவி மொரென்ஸ்

ஹோவி மொரென்ஸ் என்று அறியப்படும் ஹோவர்டு வில்லியம் மொரென்ஸ் (செப்டம்பர் 21, 1902 – மார்ச் 8, 1937) கனடாவைச் சேர்ந்த தொழில்முறைப் பனி ஹாக்கி ஆட்டக்காரர் ஆவார். வட அமெரிக்காவின் தேசிய ஹாக்கிக் கூட்டமைப்பில் 1923 முதல் 1937 வரை நடு முன்கள ஆட்டக்காரராக விளையாடினார். இக்காலத்தின் பெரும்பகுதியை மொண்ட்ரியால் கனடியன்ஸ் அணியில் கழித்தார். அவ்வணியுடன் மூன்று முறை ஸ்டான்லி கோப்பையையும், கூட்டமைப்பின் மிகச் சிறந்த ஆட்டக்காரருக்கான ஹார்ட் கோப்பையை மூன்று முறையும் வென்றார். பனித்தளத்தில் அவர் காட்டிய வேகம் அவருக்குப் பல பட்டப்பெயர்களைப் பெற்றுத் தந்தது. ஆட்டத்தின்போது கால் முறிந்து மருத்துவமனையில் சேர்க்கப்பட்ட அவர், ஆறு வாரங்களுக்குள் தமது 34ஆவது வயதில் இறந்தார்.

இளமைக்காலம்

மொரென்ஸ் ஒன்டாரியோ மாகாணத்தின் மிச்சல் என்னும் சிற்றூரில், செருமானிய வழிவந்த குடும்பத்தில் பிறந்தார். சில பழைய பட்டியல்களில் அவரது பிறந்தநாள் சூன் 21 எனக் காணப்படுகிறது. குளிர்காலத்தில் உறைந்துபோகும் தேம்ஸ் ஆற்றில் (இது ஒன்டாரியோவில் ஓடும் ஆறு, இலண்டன் நகரின் ஆறு அன்று) சறுக்கப் பழகினார். முதலில் கோல் காப்பாளராக நிறுத்தப்பட்ட சிறுவன் அவ்விடத்திற்குப் பொருந்தவில்லை. முன்களத்திற்கு மாற்றப்பட்ட பின்னரே அவனது ஓட்டத்தின் வேகம் வெளிப்பட்டது.

1917இல் குடும்பம் அருகிலிருந்த ஸ்ட்ராட்ஃபோர்டு நகருக்குக் குடிபெயர்ந்தது. அது தொடர்வண்டிப் பணிமனைகளை நம்பி வாழ்ந்த நகரம். மொரென்ஸும் அப்பணிமனையில் தொழில் பழகுநராகச் சேர்ந்தார். மாலை வேளைகளில் நகரின் இளையோர் அணிகளுக்காக விளையாடினார். பணிமனை அணியினர் மொண்ட்ரியாலுக்குச் சென்று ஆடிய ஓர் ஆட்டத்தில் அவர் ஒருவரே ஒன்பது கோல்கள் அடித்தார். கனடியன்ஸ் அணியின் உரிமையாளர்களுள் ஒருவரான லியோ டான்டுராண்டின் கவனம் அதன் பின்னர் இவர் மீது திரும்பியது.

1923 ஒப்பந்தம்

மொரென்ஸின் வாழ்க்கையில் பின்னாளில் நிகழ்ந்தவற்றைப் புரிந்துகொள்ள இந்த ஒப்பந்தத்தைச் சற்று விரிவாக அறிவது பயனுள்ளது. அக்காலத்தில் பணம் பெறாமல் ஆடும் பொழுதுபோக்கு ஆட்டக்காரர்களுக்கும் தொழில்முறை ஆட்டக்காரர்களுக்கும் இடையே கடுமையான எல்லை இருந்தது. தொழில்முறை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர் மீண்டும் பொழுதுபோக்கு அணிகளில் ஆட இயலாது. ஸ்ட்ராட்ஃபோர்டு மக்கள் தங்கள் ஊர்ப் பையனை இழக்க விரும்பவில்லை. டொராண்டோ செயின்ட் பாட்ரிக்ஸ் அணியும் அவரைப் பெற முயன்றது.

1923 சூலையில் கனடியன்ஸ் அணியினர் முந்திக்கொண்டனர். பருவத்திற்கு 2,500 டாலர் ஊதியமும், அவரிடம் இருந்த சில்லறைக் கடன்களைத் தீர்ப்பதற்கென 850 டாலரும் தரப்பட்டன. அவருக்கு 21 வயது நிரம்பவில்லை என்பதால் தந்தையின் ஒப்புதலும் பெறப்பட்டது. ஆனால் ஊரில் எழுந்த எதிர்ப்பும் சொந்த ஊரை விட்டுச் செல்லும் தயக்கமும் மொரென்ஸின் மனத்தை மாற்றின. அடுத்த மாதமே பணத்தையும் ஒப்பந்தத்தையும் திருப்பி அனுப்பிவிட்டார்.

டான்டுராண்ட் இதை ஏற்கவில்லை. மொண்ட்ரியாலுக்கு வரவழைக்கப்பட்ட மொரென்ஸ், தம்மை விடுவிக்குமாறு கண்ணீருடன் வேண்டினார் என்று அவரது வாழ்க்கையை எழுதியோர் கூறுகின்றனர். கனடியன்ஸில் சேராவிட்டால் வேறெங்கும் தொழில்முறை ஆட்டக்காரராக ஆட முடியாது என்பதே உரிமையாளரின் விடை. இவ்வாறு தாம் விரும்பிச் சேராத ஓர் அணியில் மொரென்ஸ் சேர்ந்தார். பிற்காலத்தில் அதே அணியை விட்டுப் பிரிவதுதான் அவருக்கு ஆற்ற முடியாத துயரமாயிற்று.

ஆட்டமுறை

மொரென்ஸ் உயரத்திலும் எடையிலும் நடுத்தரமானவர். அவருடைய வலிமை முழுவதும் கால்களில் இருந்தது. தம் அணியின் கோல் அருகே வட்டைப் பெற்றுக்கொண்டு, முழு வேகத்தில் எதிரணித் தடுப்பாளர்களுக்கு நடுவே புகுந்து செல்வது அவரது வழக்கம். தடுப்பாளர்களைச் சுற்றிக்கொண்டு போவதை விட அவர்களுக்கு இடையே பாய்வதையே அவர் விரும்பியதால், அடிபடுவதும் மிகுதியாக இருந்தது.

இம்முறை ஏன் அத்துணை மதிப்புப் பெற்றது என்பதை அன்றைய விதிகளைக் கொண்டே அறிய முடியும். 1929 வரை, எதிரணியின் தற்காப்புப் பகுதிக்குள் வட்டை முன்னோக்கித் தள்ளிக் கொடுக்க அனுமதி இல்லை. வட்டைத் தானே ஏந்திச் செல்லக்கூடியவர் இருந்தால்தான் கோல் விழும். மொரென்ஸ் இந்த விதிகளுக்கென்றே பிறந்தவர் போல ஆடினார்.

அவருடைய இடப்பக்கத்தில் பெரும்பாலான ஆண்டுகள் ஆரெல் ஜோலியா ஆடினார். 1930இலிருந்து ஜானி கான்யோன் வலப்பக்கத்தில் சேர்ந்தார். உருவத்தில் சிறிய, விரைவான மூவர் கொண்ட இவ்வரிசை அக்காலத்தின் புகழ்பெற்ற முன்களங்களுள் ஒன்றாகும்.

மொண்ட்ரியாலில் புகழ்

முதற் பருவத்தில் (1923–24) மொரென்ஸ் 13 கோல்கள் அடித்தார். அப்பருவத்தின் இறுதியில் கனடியன்ஸ் அணி மேற்குப் பகுதி அணிகளான வான்கூவர், கால்கரி ஆகியவற்றை வென்று ஸ்டான்லி கோப்பையைப் பெற்றது. அடுத்த பருவத்திலேயே அவர் கூட்டமைப்பின் முன்னணிக் கோலடிப்பாளர்களுள் ஒருவரானார்.

1927–28 பருவம் அவரது திறனை மிகத் தெளிவாகக் காட்டுவது. 43 ஆட்டங்களில் 33 கோல்களும் பிறர் கோலடிக்க 18 முறை துணைநின்றதுமாக 51 புள்ளிகள் பெற்றார். ஒரே பருவத்தில் 50 புள்ளிகளைக் கடந்த முதல் ஆட்டக்காரர் இவரே. இரண்டாம் இடத்தில் இருந்த ஜோலியா பெற்றவை 39 புள்ளிகள். அவ்வாண்டு ஹார்ட் கோப்பை மொரென்ஸுக்கு வழங்கப்பட்டது. புள்ளிப் பட்டியலில் முதலிடம் பெறுவோருக்கான ஆர்ட் ராஸ் கோப்பை 1940களின் இறுதியில்தான் ஏற்படுத்தப்பட்டது என்பதால், அவரது பரிசுப் பட்டியலில் அது இடம்பெறாது.

1929–30இல் அவர் 44 ஆட்டங்களில் 40 கோல்கள் அடித்தார். இவ்வெண்ணிக்கையே பல நூல்களில் முதலில் குறிப்பிடப்படுகிறது. எனினும் முன்னோக்கிக் கொடுப்பதற்கான தடை நீக்கப்பட்டதால் அப்பருவத்தில் எல்லா அணிகளின் கோல்களும் பெருகின. பாஸ்டன் அணியின் கூனி வைலாண்ட் 43 கோல்கள் அடித்தார். ஆகவே 1927–28இன் 33 கோல்களையே பெரிய சாதனையாகக் கொள்வது பொருத்தம்.

அவ்வாண்டுக் கோப்பைப் போட்டிகளில் சிகாகோவுக்கு எதிரான ஆட்டம் ஒன்று மூன்றாவது கூடுதல் நேரப் பகுதி வரை நீண்டது. 51 நிமிடங்களுக்கும் மேலாகக் கூடுதலாக ஆடிய பின்னர் மொரென்ஸ் கோலடித்து அதை முடித்தார். இறுதிப் போட்டியில் எதிர்நின்ற பாஸ்டன் புரூயின்ஸ், 44 ஆட்டங்கள் கொண்ட பருவத்தில் ஐந்தில் மட்டுமே தோற்றிருந்த அணி. கனடியன்ஸ் அதை நேராக இரண்டு ஆட்டங்களில் வென்றது. 1931இலும் கோப்பை மொண்ட்ரியாலிலேயே தங்கியது. 1931, 1932 ஆகிய ஆண்டுகளின் ஹார்ட் கோப்பைகளும் மொரென்ஸுக்கே கிடைத்தன.

இக்காலத்தில் கூட்டமைப்பு பாஸ்டன், நியூயார்க், சிகாகோ, டிட்ராயிட் என அமெரிக்க நகரங்களுக்குப் பரவியது. ஹாக்கியை அறியாத அந்நகரங்களின் பார்வையாளர்களை ஈர்த்தவர்களுள் மொரென்ஸ் முதன்மையானவர். செய்தித்தாள்கள் அவரைப் பேஸ்பால் வீரர் பேப் ரூத்துடன் ஒப்பிட்டு எழுதின. மொண்ட்ரியாலிலோ, ஆங்கிலம் பேசும் ஒன்டாரியோவிலிருந்து வந்த ஒருவரைப் பிரெஞ்சு மொழி மக்கள் தங்களவராகவே ஏற்றுக்கொண்டனர். அவரும் அந்நகர வாழ்வை விரும்பினார்: நல்ல உடைகள், யுகுலேலே இசை, குதிரைப் பந்தயம், இரவு நெடுநேரம் நீளும் நண்பர் கூட்டம். தோல்வியடைந்த இரவுகளில் உறங்காமல் தெருக்களில் நடந்துகொண்டிருப்பார் என்றும் கூறப்படுகிறது. 1926இல் மேரி மெக்கே என்பவரை மணந்தார்.

வீழ்ச்சியும் வெளியேற்றமும்

வேகத்தையே முதலாகக் கொண்டவருக்கு வயதும் காயங்களும் விரைவில் தடையாகின்றன. 1932–33இல் 14 கோல்களும், அடுத்த பருவத்தில் 8 கோல்களும் மட்டுமே அவரால் அடிக்க முடிந்தது. முன்பு எழுந்து நின்று ஆர்ப்பரித்த அதே அரங்கத்தில் சிலர் அவரைக் கேலி செய்யத் தொடங்கினர்.

1934 அக்டோபரில் அவர், கோல் காப்பாளர் லோர்ன் ஷாபோ, தடுப்பாளர் மார்ட்டி பர்க் ஆகியோருடன் சிகாகோ பிளாக் ஹாக்ஸ் அணிக்கு மாற்றப்பட்டார். ஆட்டக்காரரின் ஒப்புதல் இன்றியே அணிகள் அவர்களைக் கைமாற்றிக்கொள்ளும் காலம் அது. பதினோரு ஆண்டுகளுக்கு முன் அவரைப் போகவிட மறுத்த டான்டுராண்ட், இப்போது அவருக்குப் பிரிவு விருந்து அளித்தார். சிகாகோ அணிக்காக மொண்ட்ரியால் ஃபோரம் அரங்கில் ஆடியபோது மொரென்ஸ் ஒரு கோல் அடித்தார். பார்வையாளர்கள் எழுந்து நின்று கைதட்டினர். 1936 சனவரியில் சிகாகோ அவரை நியூயார்க் ரேஞ்சர்ஸ் அணிக்கு மாற்றியது. அப்பருவம் முழுவதிலும் இரு அணிகளுக்குமாகச் சேர்த்து அவர் அடித்தவை ஆறு கோல்களே.

திரும்புதல்

இதற்கிடையே கனடியன்ஸ் அணி புதிய உரிமையாளர்களிடம் சென்று, 1935–36இல் கடைசி இடத்திற்குத் தாழ்ந்தது. முன்னாள் பயிற்சியாளர் செசில் ஹார்ட் மீண்டும் அழைக்கப்பட்டார். (ஹார்ட் கோப்பையை வழங்கியவர் இவருடைய தந்தையே.) மொரென்ஸைத் திரும்பக் கொண்டுவர வேண்டும் என்பது அவர் விதித்த நிபந்தனை. 1936 செப்டம்பரில் மொரென்ஸ் மொண்ட்ரியால் வந்து, ஜோலியாவுக்கும் கான்யோனுக்கும் நடுவே மீண்டும் ஆடத் தொடங்கினார். முன்னைய வேகம் முழுமையாகத் திரும்பவில்லை. ஆயினும் 30 ஆட்டங்களில் நான்கு கோல்களும் 16 துணைநிற்றல்களுமாக 20 புள்ளிகள் பெற்றார்; அணியும் முன்னிலைக்கு வந்தது.

விபத்தும் இறப்பும்

1937 சனவரி 28 அன்று மொண்ட்ரியால் ஃபோரத்தில் சிகாகோவுக்கு எதிரான ஆட்டம் நடைபெற்றது. வட்டைத் துரத்தி எதிரணி மூலைக்குச் சென்ற மொரென்ஸ் நிலைதடுமாறி விழுந்தார். அவரது சறுக்குக் காலணியின் முனை சுற்றுச்சுவர்ப் பலகையில் சிக்கிக்கொண்டது. பின்தொடர்ந்து வந்த தடுப்பாளர் எர்ல் சீபர்ட் அவர் மீது மோதினார். இடது காலின் எலும்பு பல இடங்களில் முறிந்தது. மொண்ட்ரியால் பார்வையாளர்கள் சீபர்ட்டை நெடுங்காலம் மன்னிக்கவில்லை. ஆனால் அதைத் திட்டமிட்ட செயலாகக் கருதச் சான்று இல்லை.

மருத்துவமனையில் நண்பர்களும் ஆட்டக்காரர்களும் இரசிகர்களும் நாள்தோறும் திரண்டனர்; அறையில் மதுவும் பரிமாறப்பட்டது. இனி ஆட முடியாது என்ற எண்ணம் மொரென்ஸை வாட்டியது. பிப்ரவரி இறுதியில் அவரது மனநிலை குலைந்தது; பார்வையாளர்களுக்குக் கட்டுப்பாடு விதிக்கப்பட்டது. மார்ச் 8 அன்று காலில் இரத்தம் உறைந்திருப்பது கண்டறியப்பட்டு, மறுநாள் அறுவை மருத்துவம் செய்ய முடிவாயிற்று. அன்றிரவே படுக்கையிலிருந்து எழ முயன்றபோது சரிந்து விழுந்து இறந்தார்.

அவர் மனமுடைந்து இறந்தார் என்ற கருத்து உடன் ஆடியவர்களிடமிருந்தே தோன்றி, இன்றும் பலரால் கூறப்படுகிறது. அவருடைய மனவேதனை உண்மையானதே. எனினும் எலும்பு முறிந்த காலை வாரக்கணக்கில் அசைக்காமல் படுத்திருப்போருக்குக் காலின் இரத்தக்குழாயில் கட்டி உண்டாவதும், அது பெயர்ந்து சென்று குருதியோட்டத்தை அடைத்து உயிரைப் பறிப்பதும் மருத்துவம் நன்கறிந்த நிகழ்வுகள். இரத்த உறைவைத் தடுக்கும் எப்பாரின் போன்ற மருந்துகள் அன்று பொதுப் பயன்பாட்டிற்கு வந்திருக்கவில்லை.

மார்ச் 11 அன்று அவரது உடல் ஃபோரம் அரங்கில் ஆடுதளத்தின் நடுவே வைக்கப்பட்டது. அணித் தோழர்கள் சுற்றி நின்று காவல் புரிந்தனர். பல்லாயிரவர் வரிசையில் வந்து அஞ்சலி செலுத்தினர். இறுதிச் சடங்கின்போது இருக்கைகள் நிறைந்திருந்தும் அரங்கம் ஓசையின்றி இருந்ததாகப் பதிவுகள் கூறுகின்றன. மவுண்ட் ராயல் இடுகாட்டில் அவர் அடக்கம் செய்யப்பட்டார்.

550 ஆட்டங்களில் ஏறத்தாழ 270 கோல்கள் அடித்திருந்த மொரென்ஸ், இறக்கும்போது கூட்டமைப்பின் வரலாற்றில் மிகுதியான புள்ளிகள் பெற்றவராக இருந்தார். ஆனால் குடும்பத்திற்குப் போதிய சேமிப்பு இல்லை. 1937 நவம்பர் 2 அன்று குடும்ப உதவிக்காக ஒரு நினைவு ஆட்டம் நடத்தப்பட்டு, 11,000 டாலருக்கும் மேல் திரட்டப்பட்டது. அவர் அணிந்த 7ஆம் எண் வேறெவருக்கும் வழங்கப்படாது என அறிவிக்கப்பட்டது. கனடியன்ஸ் அணி இவ்வாறு ஒதுக்கிய முதல் எண் அதுவே.

நினைவும் வழித்தோன்றல்களும்

1945இல் ஹாக்கிப் புகழ் மன்றத்தில் முதன்முதலாகச் சேர்க்கப்பட்டவர்களுள் மொரென்ஸும் ஒருவர். 1950இல் கனடியச் செய்தி நிறுவனம் நடத்திய வாக்கெடுப்பில், இருபதாம் நூற்றாண்டின் முதற்பாதியின் மிகச் சிறந்த ஹாக்கி ஆட்டக்காரராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 2008இல் மொண்ட்ரியாலில் அணியின் நூற்றாண்டையொட்டி நிறுவப்பட்ட நான்கு சிலைகளுள் ஒன்று அவருடையது.

மகள் மார்லீன், கனடியன்ஸ் அணியின் மற்றொரு புகழ்பெற்ற முன்கள ஆட்டக்காரரான பெர்னி ஜியோஃப்ரியனை மணந்தார். ஜியோஃப்ரியனின் 5ஆம் எண்ணையும் ஒதுக்கி வைக்க அணி நாள் குறித்தது. அந்நாள் 2006 மார்ச் 11, அதாவது மொரென்ஸின் இறுதிச் சடங்கு நடந்த அதே தேதி. அன்று காலையில் ஜியோஃப்ரியன் இறந்தார். மாலையில் விழா நடைபெற்றது. 7ஆம் எண் கொடி பாதியளவு இறக்கப்பட்டு, 5ஆம் எண் கொடியுடன் சேர்த்து மேலே ஏற்றப்பட்டது. ஜியோஃப்ரியனின் பேரன் பிளேக், 2012இல் கனடியன்ஸ் அணிக்கு வந்தபோது இரு முன்னோரின் எண்களையும் இணைத்து 57ஆம் எண்ணை அணிந்து ஆடினார்.