நோக்கமின்றி நடந்த கேமரா

ஓர் இளைஞன் டிராமில் ஏறி, பிராக் நகரின் புறப்பகுதிக்குச் செல்கிறான். ஆற்றங்கரையில், தொழிற்சாலைகளுக்கு அருகே அலைகிறான், புல்தரையில் ஓய்வெடுக்கிறான். பிறகு எழுந்து நடக்கிறான். ஆனால், அவனே இன்னும் புல்தரையிலும் இருக்கிறான். 1930இல் வெளியான ‘நோக்கமற்ற நடை’ என்ற குறும்படத்தில் இவ்வளவுதான் நிகழ்கிறது. செக் நாட்டின் பரிசோதனைத் திரைப்படம் இதிலிருந்தே தொடங்குகிறது என்பர். இதை எடுத்தபோது அலெக்சாண்டர் ஹாக்கன்ஷ்மீடுக்கு வயது 22.

செயல்படும் மனிதன் ஒருவன், அவனைப் பார்த்துக்கொண்டிருக்கும் மனிதன் இன்னொருவன் என்ற இந்தப் பிளவே அவருடைய கலையின் திறவுகோல் என்று நான் கருதுகிறேன். அவருடைய கேமரா எதையும் நிரூபிக்க விரைவதில்லை, காத்திருக்கிறது. 1932இல் பிராக் கோட்டையைப் படமாக்கியபோது, அதன் வரலாற்றைச் சொல்லாமல், கல்லின் வடிவங்களுக்கும் இசைக்கும் இடையிலான உறவைத் தேடினார். பின்னர் பாட்டா காலணி நிறுவனத்தின் ஸ்லீன் நகரப் படப்பிடிப்புக் கூடத்தில் பணியாற்றினார். அங்கே டயர் விளம்பரம்கூட அவர் பங்களிப்பில் சாலையின் தாளமாக மாறியது.

இத்தகைய பார்வை, நெருக்கடியான காலத்தில் எதற்குப் பயன்படும் என்று கேட்கலாம். வரலாறே அதற்கு விடை தந்தது. 1938இல் மியூனிக் ஒப்பந்தம் அவருடைய நாட்டைக் கூறுபோட்டது. ஜெர்மானியர் மிகுந்த சுடேட்டன் பகுதியில் நாஜி ஆதரவு பெருகியதையும், அங்கிருந்து அகதிகள் வெளியேறியதையும் அமெரிக்கர் ஹெர்பர்ட் கிளைனுடன் இணைந்து ‘நெருக்கடி’ என்ற ஆவணப்படத்தில் பதிவுசெய்தார். நோக்கமின்றிப் பார்க்கப் பழகிய கண்ணே நம்பகமான சாட்சியாயிற்று. 1939இல் அவர் அமெரிக்காவில் அடைக்கலம் புகுந்தார். அங்கே தம் பெயரையும் ஹம்மிட் எனச் சுருக்கிக்கொண்டார்.

1943இல் மனைவி மாயா டெரனுடன் லாஸ் ஏஞ்சலிஸ் வீட்டில் எடுத்த ‘பிற்பகலின் வலைகள்’ உலகப் புகழ் பெற்றது. அதில் ஒரே பெண் பலராகப் பெருகி, ஒரே அறையில் அமர்ந்திருக்கிறாள். பிராக் புல்தரையில் இரண்டாகப் பிரிந்த இளைஞனை அறிந்தவர்கள், அவளை உடனே அடையாளம் காண்பார்கள். ஆயினும், அப்படம் பெரும்பாலும் டெரனின் பெயராலேயே பேசப்படுகிறது. அவருடைய மேதைமையைக் குறைப்பது என் நோக்கமன்று. அதன் ஒளிப்பதிவிலும் கற்பனையிலும் ஹம்மிடுக்குள்ள பங்கை மறப்பது நியாயமன்று என்பதே என் வாதம்.

அதே பொறுமையுடன்தான் தம் வீட்டுப் பூனை குட்டி ஈனுவதையும் அவர் படமாக்கினார். நியூயார்க் தணிக்கையாளர்கள் அதை ஆபாசம் என்றனர். இயற்கையை வெறுமனே பார்ப்பதும் சிலருக்குக் குற்றமாகத் தோன்றும் போலும்! 1964 நியூயார்க் உலகக் கண்காட்சிக்காக பிரான்சிஸ் தாம்சனுடன் மூன்று திரைகளில் உருவாக்கிய ‘உயிரோடிருத்தல்’ அவர்களுக்கு ஆஸ்கர் விருது பெற்றுத்தந்தது.

ஹம்மிட் 2004இல் நியூயார்க்கில் மறைந்தார். ஒவ்வொரு காட்சிக்கும் உடனடிப் பயன் கேட்கும் இக்காலத்தில், அவருடைய முதல் படம் நமக்குத் தேவைப்படுகிறது. முடிவை முன்கூட்டியே எழுதிவைத்துவிட்டுப் படமெடுக்கச் செல்பவருக்கு, எதிர்பாராத உண்மை கண்ணில் படுவது அரிது.